‘வேர்ல்ட் ஆஃப் டுமாரோ’ குறும்படத்தில் விண்வெளியும் தனிமையும்

விண்வெளியைக் களமாகக் கொண்ட படங்கள் பெரும்பாலும் தொலைவையே தனிமைக்குக் காரணமாக்குகின்றன. அமெரிக்கத் தனித்தியங்கும் இயக்குநர் டான் ஹெர்ட்ஸ்ஃபெல்ட் 2015இல் வெளியிட்ட ‘வேர்ல்ட் ஆஃப் டுமாரோ’ இக்காரணத்தை ஏற்பதில்லை. சன்டான்ஸ் விழாவில் குறும்படத்துக்கான உயரிய பரிசைப் பெற்ற இந்த அசைவூட்டப் படத்தில், எமிலி என்னும் சிறுமியைக் காண 227 ஆண்டுகளுக்குப் பிற்பட்ட காலத்திலிருந்து அவளது மூன்றாம் தலைமுறைக் குளோன் வருகிறாள். ஒரே ஆளின் இரு வடிவங்கள் எதிரெதிரே நிற்கின்றன. ஆயினும் உரையாடல் நிகழவில்லை.

இவ்விளைவு கதையால் மட்டும் உண்டானதன்று, ஆக்கமுறையாலும் உண்டானது. இயக்குநர் தம் உறவினரான 4 வயதுச் சிறுமியின் இயல்பான பேச்சைப் பதிவுசெய்து, அதைச் சுற்றியே குளோனின் உரையை எழுதினார். ஆகவே சிறுமி எதற்கும் விடையளிப்பதில்லை. தன் கண்ணிற் பட்டதைச் சொல்கிறாள். குளோனோ தன் இழப்புகளை ஏற்ற இறக்கமற்ற குரலில் அடுக்குகிறாள். கோட்டுருவங்களின் எளிமையைக் கண்டு இதனைக் குழந்தைமையின் கொண்டாட்டம் எனக் கொள்வோர் இந்த இடைவெளியைக் காணத் தவறுகின்றனர்.

நிலவுப் பகுதியே படத்தின் வலுவான இடம். அங்கு எந்திரர்களை மேற்பார்வையிடும் பணி குளோனுக்குத் தரப்படுகிறது. அவை கதிரொளியால் இயங்குபவை. ஒளியை விட்டு விலகாதிருக்க அவற்றுக்குச் சாவச்சம் ஊட்டப்பட்டுள்ளது. பணி முடிந்து அவை கைவிடப்பட்ட பின்னரும் அச்சம் நீங்கவில்லை. ஒளியைத் தொடர்ந்து நடந்தபடி துயர்க் கவிதைகளை அவளுக்கு அனுப்புகின்றன. உழைப்பின் பொருட்டு ஊட்டப்பட்ட அச்சம், உழைப்பு முடிந்தபின் தனிமையாக எஞ்சுகிறது. அதே நிலவில் அவள் ஒரு பாறையைக் காதலிப்பது நகைப்புக்குரியதாகத் தோன்றினும், மறுமொழி தராத ஒன்றிடம் பேசிப் பழகியவளின் நிலை அதுவே.

படத்தின் பிற பகுதிகள் இத்துணைச் செறிவுடையன அல்ல. அருங்காட்சியகத்தில் வளர்க்கப்படும் மூளையற்ற உடல், நினைவுகளுக்குள் சுற்றுலா என அடுத்தடுத்து வரும் கற்பனைகளைக் குரலே விளக்கிச் செல்கிறது. காட்சி அதற்குச் சான்றாக மட்டும் நின்றுவிடுகிறது.

உலக அழிவு நெருங்கும் வேளையில் குளோன் வந்ததற்கான காரணம் இறுதியில் புலனாகிறது: சிறுமி தன் தாயுடன் நடந்து சென்ற ஒரு நினைவு அவளுக்கு வேண்டும். அதற்காக அவள் சிறுமியிடம் ஒரு கதையும் கேட்பதில்லை. கருவியைக் கொண்டு நினைவை எடுத்துக்கொள்கிறாள்.