உடலைப் பார்த்தவர்கள் கண்ணைப் பார்க்கவில்லை

பிலிப்பைன்ஸின் வயது வந்தோர் படங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் ஆடையின் அளவைத்தான் கணக்குப் பார்க்கிறார்கள். ஆட்டம் நடப்பதே வேறு இடத்தில். இன்றைய மணிலா ஓடிடி படங்களில் ஒரு நடிகை இருக்கிறார். பெயர் வேண்டாம், தொடர்ந்து பார்ப்பவர்களுக்குத் தெரியும். நெருக்கமான காட்சி முடிந்ததும் அவர் உடன் நடிப்பவரின் முகத்தைப் பார்ப்பதில்லை. பார்வை கதவுப் பக்கம் போகும். ஒரு மூச்சு விடுவார். அதற்குப் பிறகுதான் வசனம்.

வேறு யாராக இருந்தாலும் அந்த இடத்தில் கண்ணீரையோ புன்னகையையோ கொண்டுவந்து காட்சிக்குப் பொருள் சொல்லிவிடுவார்கள். இவர் சொல்ல மாட்டார். அந்தப் பெண் அங்கே வந்தது ஆசையாலா, பயத்தாலா, வீட்டு வாடகைக்காகவா? அந்தத் தாமதம் முழுக்க நாம் தவிக்க வேண்டியதுதான். இதைப் போய் 'உணர்ச்சியற்ற முகம்' என்று எழுதுகிறார்கள். எனக்குக் கோபம் வருவது இங்கேதான்.

இந்தக் கண்ணுக்கு ஒரு வரலாறு உண்டு. பிலிப்பைன்ஸில் 1970 வாக்கில் கிளம்பிய 'பொம்பா' என்ற கவர்ச்சிப் படங்களை 1972-இன் இராணுவச் சட்டம் அடக்கியது. 1974-இல் அதே கவர்ச்சி நனைந்த துணியைப் போர்த்திக்கொண்டு திரும்பியது. எதைக் காட்டலாம் என்பதை ஆட்சியாளரோ தயாரிப்பாளரோ முடிவு செய்தார்கள்; நடிகைக்கு மிஞ்சியது கண் மட்டும். 1985-இல் பெக்கே கல்லாகா எடுத்த 'ஸ்கார்ப்பியோ நைட்ஸ்' படத்தில், மாடியில் குடியிருக்கும் மாணவன் தரையிலுள்ள துளை வழியே கீழ்வீட்டுக் காவலாளியையும் மனைவியையும் பார்க்கிறான். யார் யாரைப் பார்க்கிறார்கள் என்ற கேள்விதான் அந்தப் படத்தை இன்றுவரை பேசவைக்கிறது. நம் நடிகை அந்த வழியில் வந்தவர்.

கொரோனாவில் அரங்குகள் மூடிக்கிடந்தபோது எழுந்த இந்த ஓடிடி அலை இதே வேகத்தில் ஓடாது. தணிக்கையின் கை ஓடிடிக்கும் நீள வேண்டும் என்ற குரல் அங்கே ஓயவில்லை. ஒருநாள் நீளும் என்றே நினைக்கிறேன். உடலை மட்டும் நம்பியவர்கள் அன்று காணாமல் போவார்கள். இவர் நிற்பார். இரண்டு மூன்று ஆண்டுகளில் ஒரு குடும்பக் கதையில் முழு ஆடையோடு, இதே தாமதத்தோடு வந்து விருது வாங்குவார். 'திடீரென்று நடிக்கக் கற்றுக்கொண்டார்' என்று அன்றைக்கு எழுதாதீர்கள். அவருடைய அடுத்த படத்திலேயே அந்தக் கதவுப் பார்வையைக் கவனியுங்கள்.