கேமரா யார் கையில்?

திகில் விளையாட்டுத் தொடர் ஒன்றை முதலிலிருந்து ஆடிப் பார்க்க வேண்டும், எந்தக் கன்சோலை வாங்கலாம் என்று ஒரு பெண் கேட்டால் மூன்று பதில்கள் உடனே வரும்: எதில் படம் தெளிவாகத் தெரியும், எதில் திக்காமல் ஓடும், எதன் விலை கட்டுப்படியாகும். மூன்றும் தேவையானவைதாம். ஆனால் அவை எல்லா விளையாட்டுகளுக்கும் பொதுவானவை. நான் இங்கே பேச எடுத்துக்கொண்ட தொடருக்கு நான்காவதாக ஒன்றையும் கேட்க வேண்டியிருக்கிறது. இந்தக் கருவியில் ஆடும்போது நான் எங்கே நிற்கிறேன்? கதையில் வரும் பெண்ணின் கண்ணுக்குப் பின்னாலா, அவள் முதுகுக்குப் பின்னாலா?

அந்தத் தொடருக்கு ஜப்பானில் ‘ஸீரோ’ என்று பெயர். ஐரோப்பாவில் ‘ப்ராஜெக்ட் ஸீரோ’. வட அமெரிக்காவில் ‘ஃபேட்டல் ஃபிரேம்’. டெக்மோ நிறுவனம் 2001இல் பிளேஸ்டேஷன் 2 கன்சோலுக்காக முதல் விளையாட்டை வெளியிட்டது. காணாமல்போன அண்ணனைத் தேடி மிகு என்ற பெண் பாழடைந்த மாளிகைக்குள் போகிறாள். அவளிடம் துப்பாக்கி இல்லை, கத்தி இல்லை. ஒரு பழைய கேமரா மட்டும் இருக்கிறது. அதனால் படம் எடுத்தால் ஆவி பலமிழக்கும். தொடர் முழுவதற்கும் அடிப்படை இவ்வளவுதான்.

இதில் ஒரு விதி இருக்கிறது. தூரத்திலிருந்து எடுக்கும் படத்துக்கு வலு குறைவு. ஆவி நெருங்க நெருங்க வலு கூடும். அது நம் மேல் பாயும் நொடியில் எடுக்கும் படமே ஆகப் பெரிய அடி. பயந்து ஓடினால் தப்பலாம், வெல்ல முடியாது. முகத்துக்கு நேரே வரும் பயத்தைக் கண் சிமிட்டாமல் பார்த்து நிற்பவளுக்கே வெற்றி. பெண் நிமிர்ந்து பார்ப்பதைத் துடுக்கு என்று சொல்லிப் பழகிய உலகத்தில், அப்படிப் பார்ப்பதையே ஆயுதமாக்கிய விளையாட்டு இது.

திரைப்படத்தில் ஆண் பார்ப்பவனாகவும் பெண் பார்க்கப்படுபவளாகவும் அமைக்கப்படுவதை லாரா மல்வி 1975இல் எழுதிய கட்டுரை நமக்குச் சொல்லித் தந்தது. திகில் படங்களில் கடைசிவரை உயிரோடு மிஞ்சி எதிர்த்து நிற்கும் பெண்ணைப் பற்றி கேரல் குளோவர் 1992இல் தன் நூலில் விரிவாக எழுதினார். ‘ஸீரோ’ தொடர் அந்தப் பெண்ணின் கையில் கேமராவையே கொடுத்துவிடுகிறது. கேமராவைத் தூக்கினால் திரை அவள் கண்ணாகிறது. இறக்கினால், கேமரா வைத்திருந்த அவளையே நாம் பார்க்கத் தொடங்குகிறோம். இந்த இரண்டு பார்வைகளுக்கும் இடையிலான இழுபறியில்தான் இந்தத் தொடரின் அரசியல் இருக்கிறது. அந்த இழுபறி எந்தப் பக்கம் சாயும் என்பதில் நாம் ஆடும் கருவிக்கும் பங்கு உண்டு.

கேமராவுக்கு எதிரே வரும் முக்கிய ஆவிகளும் பெரும்பாலும் பெண்கள். முதல் கதையில், நரகத்தின் வாசலை அடைப்பதற்காகக் கயிறுகளால் உடல் பிய்த்தெடுக்கப்பட்ட கிரியே. மூன்றாவதில், உறவுகளை இழந்தவர்களின் வேதனையெல்லாம் பச்சையாகக் குத்தப்பட்ட உடலோடு உறங்கவைக்கப்பட்ட ரேக்கா. ஐந்தாவதில், சாவதற்காக மலைக்கு வருபவர்களின் கண்களைப் பார்த்து அவர்கள் துயரத்தை வாங்கிக்கொண்டு, கடைசியில் நீர் நிரம்பிய பெட்டிக்குள் உயிரோடு அடைக்கப்பட்ட பூசாரிப் பெண்கள். ஊரின் பாரத்தை ஒரு பெண்ணின் உடலில் இறக்கிவைத்துவிட்டு ஊர் நிம்மதியாக வாழ்கிறது. ஒவ்வொரு கதைக்கும் சாரம் இதுதான்.

இந்தச் சடங்குகள் கற்பனை. ஆனால் ஜப்பானில் இதற்கு வேர் இருக்கிறது. பாலமும் கோட்டையும் இடியாமல் நிற்க மனிதரை உயிரோடு புதைத்த கதைகள் ‘ஹிதோபஷிரா’, அதாவது மனிதத் தூண், என்ற பெயரில் அங்கே வழங்குகின்றன. மருஓக்கா கோட்டையைப் பற்றிய கதையில் புதைக்கப்படுபவள் ஓஷிஸு என்ற ஏழை விதவை. அவள் மகனைச் சாமுராய் ஆக்குவதாக வாக்குக் கொடுத்தார்கள். அவளைப் புதைத்தார்கள். வாக்கைக் காப்பாற்றவில்லை. பலி கொடுத்த பெண்ணைப் பிறகு தெய்வமாக்கிக் கும்பிடும் கதைகள் நமக்கும் புதியவை அல்ல. அதனால்தான் இந்த ஆவிகளைப் படம் எடுக்கும்போது கொல்லும் உணர்வைவிடச் சாட்சி சொல்லும் உணர்வே நமக்கு வருகிறது.

இனி கருவிக்கு வருவோம். தொடரின் இரண்டாவது விளையாட்டான ‘கிரிம்ஸன் பட்டர்ஃபிளை’ பத்தாண்டுகளுக்குள் மூன்று கன்சோல்களில் மூன்று விதமாக வந்தது. மியோ, மாயு என்ற இரட்டைச் சகோதரிகள் வரைபடத்தில் இல்லாத ஓர் ஊருக்குள் சிக்கிக்கொள்கிறார்கள். இரட்டையரில் ஒருத்தி மற்றவளின் கழுத்தை நெரிக்க வேண்டும் என்பது அந்த ஊரின் சடங்கு. மாயு காலைச் சாய்த்துச் சாய்த்து மெதுவாக நடப்பவள்.

2003இல் பிளேஸ்டேஷன் 2 பதிப்பில், அறையின் மூலையிலும் உத்தரத்திலும் பொருத்தியதுபோல நிலையாக நிற்கும் கோணங்களிலிருந்து சகோதரிகளைப் பார்க்கிறோம். வீடே அவர்களைக் கண்காணிக்கிறது. இது எனக்கு வசதிக் குறைவாகப் படவில்லை. ஊர்க்கண்ணின் முன் வளரும் பெண்ணின் நிலையை இதைவிடச் சரியாக எந்தக் கோணமும் சொல்லாது. 2004இல் எக்ஸ்பாக்ஸ் பதிப்பு, முழுக்க மியோவின் கண்வழியாகவே ஆடும் வசதியைச் சேர்த்தது. இப்போது அவள் உடலை யாரும் நோட்டம் விட முடியாது. பெண்ணியக் கணக்கில் இதுவே சிறந்தது என்று சட்டென்று தோன்றும். ஆனால் இதில் ஓர் இழப்பும் இருக்கிறது. பின்னால் இழுத்து இழுத்து நடந்துவரும் மாயு பார்வையிலிருந்து மறைந்துவிடுகிறாள். தங்கையும் அக்காளும் ஒரே சட்டகத்துக்குள் நிற்பதுதான் இந்தக் கதையின் வலி. 2012இல் வந்த வீ பதிப்பு கேமராவை மியோவின் தோளுக்குப் பின்னால் கொண்டுவந்தது. உடனிருக்கும் தோழியின் இடம் அது. பின்தொடர்பவனின் இடமும் அதுதான். அதே பதிப்பில், கையிலுள்ள ரிமோட்டின் நடுக்கத்தை வைத்து ஆடுபவர் எவ்வளவு பயந்தார் என்று அளக்கும் ஒரு பகுதியும் உண்டு. அங்கே பார்க்கப்படுவது நாமே.

ஒரே கதை, ஒரே சடங்கு, மூன்று நோக்குகள். அந்தக் கதையின் முடிவுகளில் ஒன்றில் மியோ அக்காளைக் காப்பாற்றிவிடுகிறாள். அதற்கு விலையாகப் பார்க்கக் கூடாததைப் பார்த்துக் கண்ணை இழக்கிறாள். பெண்ணின் பார்வைக்கு என்ன விலை என்பதை இந்தத் தொடரை உருவாக்கியவர்கள் அறியாதவர்கள் அல்லர்.

அறிந்தவர்கள்தாம் மறக்கவும் செய்தார்கள். ஐந்தாவது விளையாட்டு 2014இல் ஜப்பானில் வீ யூ கன்சோலுக்காக வந்தது. அந்தக் கன்சோலின் கேம்பேடு 6.2 அங்குலத் திரையுடன் ஏறத்தாழ அரை கிலோ எடை கொண்டது. அதையே கேமராவாகத் தூக்கிப் பிடித்து, ஆவியைத் தேடி அறைக்குள் நாமே திரும்ப வேண்டும். யூரியின் கை நிற்கும் நிலையில் நம் கை நிற்கிறது. அவள் தோள் வலிக்கும் இடத்தில் நமக்கும் வலிக்கிறது. பெண்ணின் நோக்கை ஆடுபவரின் உடலுக்குள் இவ்வளவு தூரம் இறக்கிய வடிவம் இந்தத் தொடரில் வேறில்லை.

அதே விளையாட்டில்தான் நனைந்த உடையும் வருகிறது. உடல் நனைய நனைய ஆவிகள் அதிகமாக ஈர்க்கப்படும் என்பது விதி. நீரில் மூழ்கடிக்கப்பட்ட பெண்களின் கதையில் அதற்கு நியாயம் உண்டு. ஆனால் உடலோடு ஒட்டும் துணியைத் திரை காட்டும் விதத்தில் அந்த நியாயம் கரைந்துபோகிறது. ஜப்பானியப் பதிப்பில் பரிசாகக் கிடைத்த உடைகளில் உள்ளாடை போன்றவையும் இருந்தன. 2015இல் மேற்கு நாடுகளுக்கு வந்தபோது அவற்றை எடுத்துவிட்டு, இளவரசி செல்டா, சாமஸ் என்ற நின்டென்டோ பாத்திரங்களின் உடைகளை வைத்தார்கள். தணிக்கை என்று சிலர் கொதித்தார்கள். எனக்கு இதில் தடை வேண்டுமா வேண்டாமா என்பது இரண்டாவது கேள்வி. இந்தப் பரிசு யாருக்கு என்பதே முதல் கேள்வி. கேமராவை ஏந்தி இருட்டுக்குள் நடப்பவளுக்கு அந்த உடை எதற்கு? அது அவளுக்குப் பின்னால் நிற்பவருக்கான கூலி. இத்தனை மணி நேரம் அவள் கண்ணால் பார்த்த நம்மைப் பார்த்து, நீ அங்கேதானே நின்றுகொண்டிருந்தாய் என்று விளையாட்டே கேட்பதுபோல இருக்கிறது.

2021இல் இதே விளையாட்டு பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச், கணினி எல்லாவற்றுக்கும் வந்தது. இப்போது புதிய உடைகளோடு ஒரு புகைப்பட வசதியும் சேர்ந்தது. பாத்திரங்களை விருப்பம்போல் நிறுத்திவைத்து, கோணம் பார்த்துப் படம் எடுக்கலாம். அவள் கையிலிருந்த கேமரா இப்போது அவள் பக்கமே திரும்பிவிட்டது.

நான்காவது விளையாட்டின் கதை வேறு. 2008இல் வீ கன்சோலுக்கு வந்த அது ஜப்பானைத் தாண்டவில்லை. ரசிகர்கள் சிலர் தாங்களே ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து 2010இல் வெளியிட்டார்கள். சிறுவயதில் கடத்தப்பட்டு, நினைவு அழிக்கப்பட்ட பெண்கள் தங்களுக்கு நடந்தது என்ன என்று தேடி அதே தீவுக்குத் திரும்பிப் போகும் கதை அது. அதிகாரபூர்வமாக ஆங்கிலத்தில் வர 2023 மார்ச்வரை பதினைந்து ஆண்டுகள் ஆயின. அதே மார்ச்சில் நின்டென்டோ வீ யூவின் இணையக் கடையை மூடியது. வட அமெரிக்காவில் ஐந்தாவது விளையாட்டின் வீ யூ பதிப்பு அந்தக் கடை வழியாகத்தான் விற்கப்பட்டுவந்தது. கேமராவை நம் கையில் தூக்கித் தந்த வடிவம் அங்கே விற்பனையிலிருந்தே மறைந்தது. பெண்ணெழுத்து அச்சில் இல்லாமல் போவதைப் பற்றி நாம் நிறையப் பேசியிருக்கிறோம். கருவியோடு சேர்ந்து ஒரு நோக்கும் இப்படி வழக்கொழிந்துபோகும் என்பதையும் அதோடு சேர்த்துக்கொள்ள வேண்டும்.

அப்படியானால் எதை வாங்குவது? ஒன்றுதான் முடியும் என்றால் ஸ்விட்ச் என்பேன். நான்காவதும் ஐந்தாவதும் அதில் கிடைக்கின்றன. தொலைக்காட்சியோடு இணைக்காமல் கையில் வைத்து ஆடினால், கருவியையே திருப்பிக் குறிபார்க்க முடியும். முதலில் வந்த ஸ்விட்சின் திரையும் 6.2 அங்குலம்தான். மறைந்துபோன கேம்பேடின் அனுபவத்தில் ஒரு பகுதியையாவது அது மீட்டுத் தருகிறது. இதைவிடக் கூர்மையான படம் வேறு கன்சோல்களில் கிடைக்கும். ஆனால் இருட்டில் நடக்கும் கதையில் கூர்மை எதைக் காட்டுவதற்கு என்று ஒருமுறை கேட்டுக்கொள்ளலாம்.

பழைய பிளேஸ்டேஷன் 2 யாரிடமாவது கிடைத்தால், வட்டு எந்த நாட்டுப் பதிப்பு என்று பார்த்துக்கொண்டு மூன்றாவது விளையாட்டை ஆடுங்கள். 2005இல் வந்தது. அதன் நாயகி ரேய் வளர்ந்த பெண், தொழிலால் புகைப்படக்காரர். கார் விபத்தில் தன்னோடு வந்த காதலன் இறந்துபோக, தான் மட்டும் மிஞ்சியவர். இரவில் கனவுக்குள் நடந்து, பகலில் தன் வீட்டில் படங்களைக் கழுவிப் பார்க்கிறார். கேமரா அவருக்கு யாரோ கொடுத்த மந்திரப் பொருளாக மட்டும் இல்லாமல், சோறு போடும் கருவியாகவும் இருக்கிறது. குற்றவுணர்வு அவர் தோலில் பச்சையாகப் படர்வதை நாம் பார்த்தாக வேண்டும். பெண்ணின் உடலைக் காட்டுவதே தவறு என்று சொல்ல முடியாமல் என்னைத் தடுப்பது இந்த விளையாட்டுத்தான். அங்கே உடல் துக்கத்தின் ஏடாக இருக்கிறது. பரிசாக இல்லை.

இரண்டாவது விளையாட்டின் புதிய மறுஆக்கத்தை 2025இல் அறிவித்தார்கள். அதில் மியோ, மாயுவின் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கலாம். ஒரு கையில் அக்காள், மறு கையில் கேமரா. அதை எந்தக் கன்சோலில் ஆடினாலும் உடைகளின் பட்டியலைத் திறப்பதற்கு முன் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச தூரம் நடந்து பாருங்கள். நீங்கள் எங்கே நிற்கிறீர்கள் என்பது அப்போது தெரிந்துவிடும்.