வெண்கலத்தில் எழுதிய வானம்

வானத்தைப் பற்றிய பழைய நூல்கள் உலகில் எத்தனையோ உண்டு. தன்னிடம் எழுதியிருப்பதைத் தானே ஓட்டிக் காட்டிய நூல் எனக்குத் தெரிந்து ஒன்றே ஒன்றுதான். ஏதென்ஸ் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில், பச்சை பூத்த வெண்கலக் கட்டிகளாக அது இருக்கிறது. ஆண்டிகிதிரா கருவி! அதன் பற்சக்கரங்களை உலகமே கொண்டாடுகிறது, கொண்டாட வேண்டியதுதான். எனக்கோ அதன் எழுத்துகள்மேல்தான் தீராக் காதல்.

கண்டெடுத்த கதை பலரும் அறிந்தது. 1900-ல் சிமி தீவிலிருந்து கடற்பஞ்சு எடுக்கக் கிளம்பியவர்கள், கிரீட்டுக்கு வடமேற்கே ஆண்டிகிதிரா தீவோரம் மூழ்கிக் கிடந்த கப்பலைப் பார்த்தார்கள். அது கி.மு. முதல் நூற்றாண்டில் கவிழ்ந்த கப்பல். சிலைகளோடு மேலே வந்த ஒரு கட்டியில் பற்சக்கரம் இருப்பதை 1902-ல் வலேரியோஸ் ஸ்டாயிஸ் கவனித்தார். இன்று கணக்கில் இருப்பவை 82 துண்டுகள், 30 சக்கரங்கள். முழுதாக இருந்தபோது அது ஒரு மரப்பெட்டிக்குள் அடங்கியது. பக்கவாட்டுப் பிடியைத் திருகினால் முன்முகத்தில் சூரியனும் சந்திரனும் ராசி ராசியாக நகரும். பின்முகத்தில் இரண்டு சுருள் பாதைகளில் முள் ஓடி, மாதங்களையும் கிரகணங்களையும் காட்டும்.

கண்ணாடிக்கு அப்பால் பெரிய துண்டை முதலில் பார்த்தபோது எனக்கு மூச்சே நின்றுவிட்டது. விரித்த கைக்குள் கிட்டத்தட்ட அடங்கிவிடும் அளவுதான். நான்கு ஆரக்கால்களோடு ஒரு பெரிய சக்கரம், அதன் விளிம்பில் வரிசை தப்பாத முக்கோணப் பற்கள். அரத்தால் ஒவ்வொன்றாக அறுத்த பற்கள் அவை. இதற்கு இணையான நுட்பத்தில் பல்லிணை வேலை மறுபடி கிடைப்பது ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேல் கழித்து, ஐரோப்பாவின் வானியல் கடிகாரங்களில்தான்.

சந்திரனை அவர்கள் ஓட்டிய விதத்தைச் சொல்லாமல் என்னால் நகர முடியாது. சந்திரன் வானத்தில் ஒரே வேகத்தில் போவதில்லை. பூமிக்கு அருகே வரும்போது விரையும், தொலைவில் தளரும். சீராகச் சுற்றும் சக்கரத்திலிருந்து சீரற்ற ஓட்டத்தை எப்படி எடுப்பது? 50 பற்கள் கொண்ட இரண்டு சக்கரங்களை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தார்கள். இரண்டின் அச்சுகளுக்கும் இடையே ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் விலகல். ஒன்றில் நட்ட சிறு ஊசி மற்றதன் பிளவுக்குள் நுழைந்து அதைத் தள்ளிக்கொண்டே போகும். அவ்வளவுதான்! அந்த ஒரு மில்லிமீட்டர் விலகலால் மேல்சக்கரம் சற்றே விரைந்து, சற்றே தளர்ந்து சுழல்கிறது. சந்திரன் மிக விரையும் இடமும் வானத்தில் ஏறக்குறைய ஒன்பது ஆண்டுகளுக்கு ஒருமுறை சுற்றி வருமே, அதற்கு? அந்த ஜோடியை அப்படியே தூக்கி, அதே கதியில் சுழலும் 223 பல் சக்கரத்தின் மேல் ஏற்றிவிட்டார்கள். இதைவிட அழகான இயந்திரச் சிந்தனையை நான் எங்கும் கண்டதில்லை.

இனி எழுத்துகள். பெட்டியின் முகங்களிலும் மூடித் தகடுகளிலும் கடுகளவு கிரேக்க எழுத்துகள் நெருக்கமாகப் பொறிக்கப்பட்டிருந்தன. இரண்டாயிரம் ஆண்டு உப்புநீர் தகடுகளை ஒன்றோடொன்று ஒட்ட வைத்துவிட்டது. சில இடங்களில் தகடே போய், அதன்மேல் படிந்த கறையில் எழுத்துகள் கண்ணாடி பிம்பமாக இடவலம் மாறி நிற்கின்றன. துண்டுகளை வெளியே கொண்டுபோக முடியாது என்பதால், 2005-ல் எட்டு டன் எடையுள்ள எக்ஸ்ரே கருவியை அருங்காட்சியகத்துக்கே கொண்டு வந்தார்கள். உலோகத்தின் உள்ளே, எந்தக் கண்ணும் எட்டாத அடுக்குகளில், வரி வரியாக வாசகம் தெரிந்தது. இன்று மூவாயிரத்துக்கும் மேற்பட்ட எழுத்துகளைப் படித்துவிட்டார்கள்.

படிக்கப் படிக்க எனக்கு மயிர்க்கூச்செறிகிறது. பின்மூடி வாசகம் கருவியின் உறுப்புகளை ஒவ்வொன்றாக விவரிக்கிறது. கோள்களுக்கான சிறு உருண்டைகளைப் பற்றியும் பொன்னிற உருண்டையைப் பற்றியும் பேசுகிறது. முன்மூடி வாசகம் கோள்களின் கணக்கைச் சொல்கிறது: வெள்ளிக்கு 462 ஆண்டு, சனிக்கு 442 ஆண்டு. இரண்டும் சும்மா எடுத்த எண்கள் அல்ல. சிறிய பகா எண்களாகப் பிரியும் எண்கள். அதனால்தான் அவற்றைப் பற்களாக வெட்டவும் முடியும். வானத்தின் கணக்கை இரும்பரத்துக்கு ஏற்றபடி தேர்ந்தெடுத்த ஒரு மனம் அங்கே வேலை செய்திருக்கிறது. கோள்களைச் சுழற்றிய சக்கரங்கள் ஏறக்குறைய முழுதும் போய்விட்டன. லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் டோனி ஃப்ரீத் குழுவினர் 2021-ல் இந்த வாசகத்தைக் கையில் வைத்துக்கொண்டுதான் முன்முகத்தை மறுபடி வடிவமைத்தார்கள். இயந்திரம் அழிந்த இடத்தில் அதன் நூல் சாட்சி சொல்கிறது!

கிரகணச் சுருளில் 223 மாதங்களுக்கு 223 கட்டங்கள். கிரகணம் வரக்கூடிய மாதத்தில் மட்டும் குறியீடு இருக்கும். சந்திரனைக் குறிக்கும் செலீனி என்ற சொல்லின் முதலெழுத்து சிக்மா சந்திர கிரகணத்துக்கு, சூரியனைக் குறிக்கும் ஹீலியோஸின் முதலெழுத்து ஈட்டா சூரிய கிரகணத்துக்கு. கூடவே எத்தனையாவது மணி என்றும். கிரகணங்கள் திரும்ப வரும் இந்த 223 மாதச் சுழற்சி முழு நாட்களில் முடியாது, எட்டு மணி நேரம் மிஞ்சும். அதற்காகத் தனியே ஒரு குட்டி வட்டம் வைத்து மூன்றாகப் பிரித்திருக்கிறார்கள். ஒரு பகுதி வெற்று, அடுத்ததில் 8, அதற்கடுத்ததில் 16. அத்தனை மணியைக் கூட்டிக்கொள் என்று பொருள். எப்பேர்ப்பட்ட அக்கறை! கிரகணத்தின் நிறம் கறுப்பா, தீச்சிவப்பா என்பதுகூட எழுதியிருக்கிறது. இன்னொரு சிறு வட்டத்தில் ஒலிம்பியா உட்பட விளையாட்டு விழாக்களின் நான்காண்டுச் சுற்று. கார்த்திகை விண்மீன்கள் உதிப்பதையும் ஒலிம்பியாவில் ஓட்டப்பந்தயம் நடப்பதையும் ஒரே கைப்பிடி சுழற்றியது என்றால், அவர்கள் வானத்தையும் ஊரையும் பிரித்தே பார்க்கவில்லை.

ஆர்க்கிமிடீஸும் பொசிடோனியஸும் செய்த வான உருண்டைகளைப் பற்றிப் பழைய ரோமானிய எழுத்தாளர் சிசரோ எழுதியிருக்கிறார். நெடுங்காலம் அதைப் புலவர் கற்பனை என்று ஒதுக்க இடமிருந்தது. இந்தக் கட்டிகளைப் பார்த்த பிறகு அந்த வரிகள் அச்சு அசலான செய்தியாகவே எனக்குப் படுகின்றன.

ஏதென்ஸ் போகிறவர்கள் அக்ரோபோலிஸைப் பார்த்ததோடு திரும்பிவிடாதீர்கள். அருங்காட்சியகத்துக்கு ஒரு முழுப் பகலை ஒதுக்குங்கள். கூட்டமெல்லாம் பெரிய துண்டின் சக்கரத்தை மொய்க்கும். நீங்கள் முதலில் ‘சி’ என்று பெயரிட்டிருக்கும் துண்டுக்குப் போங்கள். ராசி வட்டத்தின் கோடுகளும் அவற்றோரம் எகிப்திய நாட்காட்டியின் கோடுகளும் அதில் வெறுங்கண்ணுக்கே தெரியும். எண்ணிப் பார்க்கக்கூடிய அளவுக்குத் தெளிவாக!