நேரலைக்குக் காத்திருக்கத் தெரியாது

"கேமரா போகாவிட்டால் அதிகாரி போவாரா?" நேரலையைக் குறை சொன்னால் செய்தி ஆசிரியர்கள் திருப்பிக் கேட்கும் கேள்வி இது. பாதி நியாயம்தான். புயலிலும் வெள்ளத்திலும் நேரலை உயிர்களைக் காத்திருக்கிறது; தூங்கும் அலுவலகங்களை எழுப்பியும் இருக்கிறது. என் ஆட்சேபம் வேறு.

மீட்புப் பணி என்பது பெரும்பாலும் காத்திருப்பு. 2019 அக்டோபர் 25 மாலை, மணப்பாறை அருகே நடுக்காட்டுப்பட்டியில் இரண்டு வயதுக் குழந்தை ஆழ்துளைக் கிணற்றில் விழுந்தது. 29ஆம் தேதி அதிகாலையில் சடலமாகத்தான் எடுக்க முடிந்தது. நடுவில் தீபாவளி வந்து போனது. பக்கத்தில் குழி தோண்ட வந்த ரிக் இயந்திரம் பாறையில் திணறியது. மணிக்கணக்கில் சொல்வதற்குப் புதிதாக எதுவும் இல்லை. ஆனால் 'புதிதாக எதுவும் இல்லை' என்று சொல்லிவிட்டு நேரலை நகராது. அந்த இடைவெளியை ஊகமும் அழுகையும் நிரப்பின.

ஊகம் பொய்த்தால் மறுநாள் மறந்துவிடலாம். அழுகை அப்படியல்ல. பெற்றவர்களின் சம்மதம் இருந்தது என்பார்கள். கேமராவால்தான் இயந்திரம் வருகிறது என்றால், கேமரா போனால் இயந்திரமும் போய்விடுமோ என்று அஞ்சும் குடும்பம் எப்படி மறுக்கும்? ஆசிரியர்கள் பெருமையாகச் சொல்லும் அந்த வாதமே சம்மதத்தைச் செல்லாததாக்கிவிடுகிறது.

கைவிட்ட கிணறுகளை மூட 2010லேயே உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்தது. அது நடக்கிறதா என்று பார்க்க எத்தனை நேரலை வேன்கள் கிராமங்களுக்குப் போயின? குழந்தை விழாத கிணற்றுக்கு நேரலை கிடையாது.

நேரலைக்கு வரம்பு வகுத்த முன்னுதாரணமும் உண்டு. மும்பைப் பயங்கரவாதத் தாக்குதலின்போது நடந்த நேரலை, பிணைக்கைதிகளையும் படையினரையும் ஆபத்தில் தள்ளியதாக அந்தத் தாக்குதல் தொடர்பான கசாப் வழக்கின் 2012 தீர்ப்பு கண்டித்தது. 2015இல் விதியே வந்தது: பயங்கரவாத எதிர்ப்பு நடவடிக்கை முடியும்வரை நேரலை கூடாது, நியமிக்கப்பட்ட அதிகாரி அவ்வப்போது தரும் விளக்கத்தை மட்டும் ஒளிபரப்பலாம். படை நடவடிக்கைக்குக் காட்டிய அக்கறையை ஓர் ஏழைக் குடும்பத்தின் துக்கத்துக்குக் காட்ட ஏன் மனம் வரவில்லை?

அரசு தகவலை மறைக்கும் என்று அஞ்சினால் நிருபர் அங்கேயே இருக்கட்டும், கேள்வி கேட்கட்டும், சரிபார்த்துச் செய்தி தரட்டும். குடும்பத்தின் முகத்திலிருந்து மட்டும் கேமராவைத் திருப்புங்கள். இதனால் பார்வையாளருக்கு ஒரு செய்தியும் குறையாது. குறைவது சேனலின் விளம்பர வருமானம்.