நேசர் புராணம்: நிகழ்ச்சி இல்லாத நெசவாளர் வாழ்வு

காப்பியப் புலவன் படைக்கும் உலகம் அவன் கருத்தின்வழி இயங்குவதாகும். நாம் வாழும் உலகின் ஊரும் பெயரும் தொழிலும் அங்கும் உண்டு. எனினும் அங்கே இறைவன் முதியவனாய் வந்து வழக்குத் தொடுப்பான். ஒரு கோவணம் ஒரு வணிகரின் செல்வம் அனைத்தையும் எடையில் வெல்லும். அத்தகைய உலகில், தம் தொழிலில் மேம்பட்ட நெசவாளர் ஒருவர்க்கு எத்தகைய வாழ்வு வகுக்கப்பெற்றது என்பதை ஆராய்தல் இக்கட்டுரையின் நோக்கம். சேக்கிழார் கூறும் காம்பீலி நகரத்து நேச நாயனாரே அந்நெசவாளர்.

பெரியபுராணத்தில் நேசர்க்கு அமைந்தவை 5 பாடல்களே. ஊர்ச்சிறப்பு, அறுவையர் குலத்துப் பிறப்பு, தொழில்மேன்மை, தொண்டு ஆகியவற்றைக் கூறி, இறுதிப் பாடலிலேயே கோச்செங்கட் சோழர் வரலாற்றிற்குப் புலவர் சென்றுவிடுகிறார். செய்தி கிடையாமையால், எண்ணிக்கை நிரம்புதற்பொருட்டுச் சேக்கிழார் பாடியது இப்புராணம் என்று கருதுவாரும் இருத்தல் கூடும். சுந்தரர் திருத்தொண்டத் தொகையின் 11ஆம் பாடலில் நேசரைப் பெயரளவில் கூறினார் என்பதும், நம்பியாண்டார் நம்பி ஒரே பாடலில் அமைந்தார் என்பதும் உண்மையே. ஆயின், திருக்குறிப்புத் தொண்டர்க்கும் நம்பி பாடியது ஒரு பாடல்தான். அதனைச் சேக்கிழார் 128 பாடல்களாக விரித்தார். அந்த ஒரு பாடலில் மழையும் பாறையும் அமைந்த நிகழ்ச்சிக் கரு உண்டு. நேசர் பற்றிய பாடலில் அது இல்லை. ஆகலின், வேறுபாடு செய்தியின் அளவில் இல்லை. நிகழ்ச்சியின் இன்மையில் உள்ளது. அவ்வின்மையைச் சேக்கிழார் எவ்வாறு ஆண்டார் என்பதே ஈண்டு ஆராயற்பாலது.

தொழிலும் துணியும் பற்றிய பிற வரலாறுகளோடு ஒப்பிடின் இது விளங்கும். தில்லைக் குயவராகிய திருநீலகண்டரிடம் சிவயோகியார் ஓர் ஓட்டினைக் காக்குமாறு கொடுக்கிறார், அது மறைகிறது. வணிகராகிய அமர்நீதியாரிடம் ஒரு கோவணம் வைக்கப்பெறுகிறது; அதுவும் மறைகிறது. காஞ்சியில் துணி வெளுக்கும் திருக்குறிப்புத் தொண்டரிடம் ஒரு கந்தை தரப்பெறுகிறது. மழை விடாது பெய்தலின் அதனை உலர்த்த இயலவில்லை. மூவரிடத்தும் பிறர் பொருள் ஒன்று ஒப்படைக்கப்பெறுகிறது. அதனைச் சொன்னவாறு மீட்டளிக்க இயலாத நிலை பிறக்கிறது. வரலாற்றின் சிக்கல் அவ்விடத்தே தோன்றுகிறது.

பெரியபுராணத்தின் தலையாய வரலாறும் ஒரு வழக்கில் தொடங்குவதே. புத்தூரில் மணக்கோலத்தில் இருந்த சுந்தரரை, அவர் தமக்கு அடிமை என்று கூறித் தடுத்த முதியவர், திருவெண்ணெய்நல்லூர் அவைக்கு அழைத்துச் செல்கிறார். சுந்தரர் முன்னரே ஓர் ஓலையைக் கிழித்தும் பயனில்லை. மூல ஓலை அவையில் காட்டப்பெறுகிறது. பாட்டனார் எழுத்தோடு ஒப்புநோக்கப்பெறுகிறது. தீர்ப்பும் முதியவர்க்கே ஆகிறது. அவ்வூர் அருட்டுறைக் கோயிலில் அவர் மறைந்த பின்னரே வந்தவர் யாரென்பது விளங்குகிறது. அடிமைத்திறம் அங்கே ஓலையாலும் சான்றாலும் மெய்ப்பிக்கப்பட வேண்டிய ஒன்றாயிற்று.

நேசர் வாழ்விலோ வழக்கும் இல்லை, ஓலையும் இல்லை, மாறுவேடத்து இறைவனும் இல்லை. காரணம் யாதெனின், அவரிடம் ஒப்படைக்கப்பட்ட பொருள் எதுவும் இல்லாமையே என்க. அவர் பிறர் துணியைக் காப்பவர் அல்லர். தாம் நெய்த துணியைக் கொடுப்பவர். உடையும் கீளும் கோவணமும் தறியினின்று இறங்கியவுடன் அடியார் கை சேர்கின்றன. தம்மிடம் எதனையும் நிறுத்திக்கொள்ளாத ஒருவரிடம் எதனை மறைத்துச் சோதிப்பது? எனவே, நிகழ்ச்சியின்மை இங்குக் குறையாகாது. அவர் பண்பின் விளைவாகும்.

நம்பி கூறாத ஒன்றைச் சேக்கிழார் சேர்த்துள்ளமை இதற்குத் துணைநிற்கும். நேசர் தம் மனத்தின் செயலை இறைவன் அடிக்கும், வாக்கின் செயலை ஐந்தெழுத்திற்கும், கைத்தொழிலின் செயலை அடியார்க்கும் ஆக்கினார் என மூன்றாக வகுக்கிறார் அவர். இவ்வகுப்பு வேறு பலர்க்கும் பொருந்தும் பொதுமொழி போலத் தோன்றலாம். ஆனால் தறியில் அமர்ந்தவர்க்கு இது சிறப்பாகப் பொருந்துகிறது. நாடா ஓடக் கை இயங்கும். மிதியில் கால் இயங்கும். பழகிய கைக்கு மனமும் நாவும் தடையாவதில்லை. ஒரே பொழுதில் மூன்றும் மூன்று வழிச் செல்லுதற்கு இடந்தரும் தொழில் நெசவு.

15ஆம் நூற்றாண்டிற் காசியில் வாழ்ந்த கபீரும் நெசவாளரே. உடலை நெய்த துணியாக உருவகிக்கும் பாடல்கள் அவர் பெயரால் வழங்குகின்றன. அங்கே நெசவு மெய்ப்பொருளுக்கு உவமையாகிறது. சேக்கிழாரிடத்தோ நெசவு எதற்கும் உவமையாகவில்லை. நெய்த கோவணம் உடுக்கும் கோவணமாகவே நிற்கிறது. இவற்றுள் ஒன்று உயர்ந்தது, மற்றொன்று தாழ்ந்தது என்பதற்கில்லை; ஆயின் கைத்தொழிலை அதன் பயனாலேயே மதிக்கும் நோக்கு பின்னதில் மிகுதி.

இப்புராணத்தில் குறையே இல்லை என்பதும் பொருந்தாது. வயலையும் வாய்க்காலையும் வகைவகையாகப் பாடிய சேக்கிழார், காம்பீலியின் தறியைப் பாடவில்லை. பாவும் ஊடையும் அதில் இல்லை. நூல் வாங்கப் பொருள் எங்கிருந்து வந்தது, நெய்தன எல்லாம் கொடுத்தார்க்கு உணவு எவ்வாறு வந்தது என்னும் வினாக்கட்கு விடையும் இல்லை. நெசவாளர் மனத்தை நன்கு அறிவித்த புலவர், அவர் இல்லத்தை நமக்குக் காட்டினாரல்லர். தொழிலாளர் வாழ்வை இலக்கியத்தில் தேடுவார் இவ்வெல்லையை மறத்தலாகாது.

எனினும், சிறந்த தொழிலாளர் ஒருவர் போற்றப்பெறுதற்கு அவர் தலையை மோதுதலும் வேண்டா, தட்டில் ஏறுதலும் வேண்டா, பழுதின்றி நெய்து வேண்டுவார்க்கு நாளும் கொடுத்தலே அமையும் என்னும் கருத்தை, அற்புதம் நிறைந்த ஒரு பெருங்காப்பியத்தின் இறுதிப் பகுதியில் இச்சிறு புராணம் நிலைநாட்டுகிறது. திருவெண்ணெய்நல்லூர் அவையில் ஓலை காட்டி நிறுவப்பெற்ற அடிமைத்திறம், காம்பீலியில் சான்று வேண்டாமலே நிறைவுற்றது. ஆகவே, இது நிரப்புதற்குப் பாடிய புராணம் அன்று என்பது எம் முடிபு.