கண்ணகியின் இரு முறுவல்கள்

சிலப்பதிகாரக் கண்ணகியின் பொறுமை கற்பின் அடையாளமாகவே பெரிதும் போற்றப்படுகிறது. கணவன் பிரிந்திருந்த காலத்தில் துயரை மறைத்து முகமலர்ச்சி காட்டியமை அப்பொறுமைக்குச் சான்றாகக் கொள்ளப்படும். ஆயின் அம்மலர்ச்சி குறித்துக் கண்ணகியே அளிக்கும் மதிப்பீடு வேறு. அவளது முறுவல் இடம்பெறும் இரு பகுதிகளை இணைத்து நோக்கின் இது விளங்கும்.

முதலாவது, புகார்க் காண்டத்துக் கனாத்திறம் உரைத்த காதையில் வருவது. தான் கண்ட தீக்கனவைக் கண்ணகி தேவந்தியிடம் கூறியபின் கோவலன் வீடு திரும்புகிறான். குலப்பொருளை இழந்த வறுமை தனக்கு நாணம் தருவதாகச் சொல்கிறான். கனவைப் பற்றி அவனிடம் வாய் திறவாத கண்ணகி, நகைமுகம் காட்டி, சிலம்பு உண்டு, கொள்க என்கிறாள். அம்முறுவலை அழகுடையதாக வருணிக்கும் இளங்கோவடிகள், அதன் மெய்ம்மை பற்றி யாதும் உரைக்கவில்லை.

இரண்டாவது, மதுரைக் காண்டத்துக் கொலைக்களக் காதையில் வருவது. ஆயர் சேரியில் கோவலன் தன் பிழையை எண்ணி வருந்த, கண்ணகி தன் பழைய துயரை வெளிப்படையாக உரைக்கிறாள். அவனுடைய பெற்றோர் அன்புமொழி கூறிப் பாராட்டியபோது, அகத்து நோயை ஒளித்துத் தான் முறுவலித்ததையும், அதனுள் இருந்த துன்பத்தை உணர்ந்து அவர்கள் வருந்தியதையும் கூறுகிறாள். அம்முறுவலை அவள் வாய்மையற்றது என்றே குறிக்கிறாள். ‘வாய்’ என்னும் சொல் அங்கு உண்மை என்னும் பொருளில் ஆளப்பட்டுள்ளது. தொடர்ந்து, கோவலன் ஒழுக்கம் போற்றத்தக்கதன்று என்றும் சுட்டுகிறாள்.

இக்கூற்றில் இரண்டு உண்மைகள் உள்ளன. பிறரை வருத்தாதிருக்கப் பூண்ட முறுவலே அவர்களை வருத்தியது. அதனைப் பூண நேர்ந்ததற்குரிய பொறுப்பு கோவலனுடையது. எனவே அம்முறுவலை வெறும் பொறுமையாகப் பாராட்டுவது, பொறுப்புடையவனை மறைத்துவிடும். இக்கூற்றை அறிந்தபின் முதல் முறுவலுக்கு மீளும் வாசகர், அதனையும் ஐயத்துடனேயே நோக்குவர்.

மறைத்தல் அத்துடன் முடியவில்லை. கண்ணகி சொல்லியதைக் கேட்ட கோவலன் அவளைத் தழுவி, பெருகிவந்த கண்ணீரை மறைத்துக்கொண்டு, ஒற்றைச் சிலம்புடன் மதுரை வீதிக்குப் புறப்படுகிறான், மீளவில்லை. பின்னர்ப் பாண்டியன் அவையில் நிற்கும் கண்ணகியின் முகத்தில் முறுவல் இல்லை. அங்கு அவள் கண்ணீரை மறைக்கவும் இல்லை, வழக்கை உரைக்கிறாள். அடக்கத்திலிருந்து சீற்றத்திற்குத் திடீரென மாறியவளாக அவளைக் காண்பதினும், மெய்யுரைக்கத் தொடங்கிய இடம் கொலைக்களக் காதை எனக் கொள்வதே காப்பியப் போக்கிற்குப் பொருந்தும்.