மணிபல்லவத்துக் காலமுரண்

மணிமேகலையை ஆராய்வோரிற் பலர் மணிபல்லவம் எங்கே உள்ளது என்னும் வினாவிலேயே தங்கிவிடுவர். செ. இராசநாயகம் 1926இல் வெளியிட்ட யாழ்ப்பாண வரலாற்று நூல் அதனை யாழ்ப்பாணப் பகுதியோடு இணைத்தது முதல், நயினாதீவே அது என்பாரும் அன்று என்பாரும் வாதிட்டு வந்துள்ளனர். புகாருக்குத் தெற்கே முப்பது யோசனை என்று காப்பியம் தரும் தொலைவை அளந்து பார்த்தோர் தொகையும் சிறிதன்று. இடத்தை அளந்தவர்கள் காலத்தை அளக்க முற்படவில்லை. உண்மையான சிக்கல் அங்கேதான் உள்ளது.

எட்டாங் காதையில், நாகநாட்டு மன்னர் இருவர் ஒரு மணிப்பீடிகைக்காகப் பொருத களத்திற் புத்தர் தோன்றுகிறார். பூசலை விலக்கி, பீடிகை தமதே என்று கூறி, அதன்மேல் அமர்ந்து அறம் உரைக்கிறார். இது நடந்து முடிந்த செய்தியாகவே சொல்லப்படுகிறது. பதினோராங் காதையில், அமுதசுரபி ஆண்டுதோறும் வைகாசி விசாகத்தன்று, புத்தர் பிறந்த நாளில், கோமுகிப் பொய்கையில் மேலெழும் என்று தீவதிலகை கூறுகிறாள். அடுத்த காதையிலோ, அறவண அடிகள் 1616ஆம் ஆண்டிலே புத்தர் தோன்றுவார் என எதிர்காலத்தில் வைத்துப் பேசுகிறார். இன்னும் பிறவாத ஒருவருக்குப் பிறந்தநாள் எவ்வாறு அமையும்? அவர் அமர்ந்த பீடிகையை மணிமேகலை எவ்வாறு வலம் வந்தாள்?

இம்முரணைத் தீர்க்கக் கூறப்படும் வழிகள் சில உள. 1616ஐக் கலியாண்டாகக் கொண்டால் கி.மு. 15ஆம் நூற்றாண்டு வரும். அது புத்தருக்கு மரபு கூறும் காலத்துக்குப் பல நூற்றாண்டுகள் முந்தியது. பரிநிருவாணத்திலிருந்து எண்ணி, வருவதாகச் சொல்லப்பட்டவர் இனித் தோன்றும் வேறொரு புத்தர் என்று கொண்டால் கி.பி. 11ஆம் நூற்றாண்டு வரும். புத்தர் பலர் என்பது பௌத்தர்க்கு உடன்பாடாதலால் இது அவ்வளவு எளிதில் தள்ளத்தக்கதன்று. எனினும் இக்கணக்குகளெல்லாம் கதைக்கு வெளியே நின்று போடப்படுவன. சாத்தனார் தவறிவிட்டார் என்று முடிப்பது எல்லாவற்றிலும் எளிது, எல்லாவற்றிலும் சோம்பலானது.

அறவணர் உரையை இறுதிவரை படிப்பவர்க்கு வேறொன்று புலனாகும். புத்தர் தோற்றத்தை நெடுந்தொலைவிலே நிறுத்திய அடிகள், மக்களுக்கும் தேவர்க்கும் ஒப்ப முடிந்த அறமாக ஒன்றையே கூறுகிறார். அது பசிப்பிணி தீர்த்தல். ஞானம் வரும் காலத்தைத் தள்ளிப் போட்டதனால், கையிலுள்ள பாத்திரத்தின் காலம் உடனடியானதாகிறது. அறிவு காத்திருக்கலாம், பசி காத்திராது. 1616 என்பது இங்கே வரலாற்று ஆண்டாக இயங்குவதைவிட, காத்திருத்தலின் நீளமாகவே இயங்குகிறது எனலாம். இவ்விளக்கம் அவ்வெண் எப்படி வந்தது என்பதை விளக்காது. ஏன் அங்கே வைக்கப்பட்டது என்பதையே விளக்கும்.

காப்பியத்தின் மிகத் துணிவான காட்சி இருபத்தைந்தாங் காதையில் உள்ளது. ஆபுத்திரன் கலத்தினின்றும் மணிபல்லவத்தில் இறங்க, அவனை விட்டுக் கலம் போய்விடுகிறது. உண்பாரற்ற தீவில் அள்ளக் குறையாத பாத்திரத்தை வைத்திருந்து பயனென்ன? அதனைக் கோமுகியில் விட்டு, உண்ணாது உயிர்விடுகிறான். சாவகத்திலே புண்ணியராசனாகப் பிறந்து அரசாண்டவன், பின்னர் மணிமேகலையோடு அதே தீவுக்கு வந்து, மணலை அகழ்ந்து தன் முற்பிறப்பின் என்பையே காண்கிறான். அவனைத் தேடித் திரும்பி வந்து, அவன் பொருட்டு மாண்ட ஒன்பது செட்டிகளின் என்பும் அங்கே கிடக்கிறது. இறந்தவனே வந்து தன் புதைகுழியைத் தோண்டும் இக்காட்சியில், காண்பவனும் காணப்படுவதும் ஒருவனா, இருவரா?

இதற்கான விடையைச் சாத்தனார் முப்பதாங் காதையில் வைத்துள்ளார். அக்காதையைக் கதை முடிந்தபின் ஒட்டிய சமயப் பாடமென்று ஒதுக்குவோர் பலர், அது பிழை. பன்னிரு நிதானங்களைச் சாத்தனார் மூன்று காலங்களாக வகுக்கிறார். பேதைமையும் செய்கையும் இறந்த காலம். உணர்வு முதலாகப் பவம் வரையானவை நிகழ்காலத்தைச் சாரும். பிறப்பு, பிணி, மூப்பு, சாவு எதிர்காலம். காலம் இங்கே நாட்களை அடுக்கிய வரிசையன்று. காரணத்துக்கும் காரியத்துக்கும் உள்ள உறவு. எதற்கு எது காரணமோ அதற்கு அது இறந்த காலம். மணிமேகலை தன் பழம்பிறப்பை உணரக் காரணமான பீடிகை அவளுக்கு முன்னுள்ளது. அவள் எய்தவேண்டிய ஞானம் அவளுக்குப் பின்னுள்ளது. புத்தர் வந்தார் என்பதும் வருவார் என்பதும் ஒரே கோட்டிலுள்ள இரு புள்ளிகளல்ல என்பதால், அவை மோதவில்லை. புண்ணியராசனும் அவ்வென்புக்குரியவனும் ஒருவனல்லன், வேறல்லன்; செய்கையின் தொடர்ச்சியே அவர்களை இணைக்கிறது.

பிரெஞ்சு அறிஞர் போல் ரிக்கர் 1983 முதல் 1985 வரை மூன்று தொகுதிகளாக வெளியிட்ட காலமும் கதையும் பற்றிய ஆய்வில், காலத்தின் முரண்களைச் சிந்தனை தீர்ப்பதில்லை, கதைகூறலே அவற்றுக்கு மறுமொழி தருகிறது என்று வாதிட்டார். சாத்தனாருக்கு இது பெருமளவு பொருந்தும். ஆயினும் ரிக்கர் புனித அகஸ்தீனிலிருந்து தொடங்குகிறார். அங்கே இறந்த காலம் நினைவாகவும் எதிர்காலம் எதிர்பார்ப்பாகவும் ஓர் ஆன்மாவினுள் தங்குகின்றன. சாத்தனாரிடம் அத்தகைய நிலைபேறான ஆன்மா இல்லை. நினைவை வைத்திருப்பது பீடிகை. என்பை வைத்திருப்பது மணல். இந்த வேறுபாட்டை மறந்து மேனாட்டுக் கோட்பாட்டை அப்படியே பொருத்துவது, தொலைவை மட்டும் அளந்தவர் செய்த பிழையின் மறுபாதியாகும்.

மகாவமிசம் இதே பூசலை நாகதீவில் நிகழ்ந்ததாகக் கூறுகிறது. அங்கே போரிடுவோர் மகோதரன், சூளோதரன் என்னும் மாமனும் மருமகனும். புத்தர் வருவது ஞானம் பெற்ற ஐந்தாம் ஆண்டில். பின்னர் ஆசனம் வழிபாட்டுக்கென நாகரிடமே விடப்படுகிறது. வமிச நூலுக்கு ஆண்டு வேண்டும். ஆண்டு கிடைத்ததும் இடவுரிமை தொடரும். நயினாதீவை முன்வைத்து இரு மொழியிலும் எழுதப்பட்டவற்றுட் பல அப்பீடிகைக்கான போரையே மீண்டும் நடத்துகின்றன. சாத்தனாரோ பீடிகையை ஒரு தீவிலே கட்டிவைக்கவில்லை. இருபத்தெட்டாங் காதையிற் காஞ்சியில், மணிபல்லவத்தை ஒத்த பொழிலும் பொய்கையும் பீடிகையும் அமைக்கப்படுகின்றன. மழையற்று வாடிய அந்நகரில் மணிமேகலை பாத்திரத்தோடு நிற்க, பசித்தோர் வந்து சூழ்கின்றனர்.